உதவி எடிட்டர் வேலைக்கு வர நினைக்கிறீர்களா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சென்னையில் தமிழ்ப் படங்களுக்கும் சீரியல்களுக்கும் எடிட் சூட்டில் (எடிட்டிங் நடக்கும் அறையில்) வேலை பார்க்கிறவர்களிடம் புதிதாக வருகிறவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். எடிட்டர் பெயர் திரையில் தனி கார்டாக வரும். உதவியாளர்கள் பெயர் படம் முடிந்து கூட்டம் எழுந்து போகும்போது ஓடுகிற வரிசையில் வரும். அந்த வரிசையில் இருப்பவர்களின் வேலையைப் பற்றித்தான் இங்கே பேசுகிறேன், ஏனென்றால் அந்த வேலையை நான் மதிக்கிறேன், அதைத் தெரிந்துகொண்டு வருகிறவர்கள் நிறையப் பேர் வேண்டும் என்றும் நினைக்கிறேன்.

உதவி எடிட்டர் என்னதான் செய்கிறார்?

காட்சியை வெட்டிக் கோர்ப்பது எடிட்டர். வெட்டுவதற்கு வேண்டியதெல்லாம் சரியான இடத்தில், சரியான பெயரில், சத்தத்தோடு சேர்ந்து, ஒரு ஃபிரேம்கூடக் காணாமல் போகாமல் இருக்கும்படி பார்த்துக்கொள்வது உதவி எடிட்டர். வெட்டி முடித்த பிறகு அதே படத்தை சவுண்டு, டிஐ (படத்தின் நிறத்தைச் சரிசெய்யும் கட்டம்), சிஜி (கணினி வரைகலை), இசை, டைட்டில், சப்டைட்டில் என ஆறேழு இடங்களுக்குப் பிரித்து அனுப்பி, அங்கிருந்து திரும்பி வருவதையெல்லாம் ஒன்றாகச் சேர்ப்பதும் அவர்தான். ஹாலிவுட்டில் இந்த ஒருங்கிணைப்புக்கு போஸ்ட் புரொடக்‌ஷன் சூப்பர்வைசர் என்று தனி ஆள் உண்டு. நம் ஊரில் பெரிய பட்ஜெட் படங்களை விட்டால் பெரும்பாலும் அதுவும் உதவி எடிட்டரின் தலையில்தான் விழும்.

ஷூட்டிங் நடக்கும் காலத்தில் ஒரு நாள் எப்படிப் போகும்?

முந்தின நாள் எடுத்ததெல்லாம் ஹார்டு டிஸ்க்கில் வந்து சேர்வதில் தொடங்கும். உள்ளூர் ஷூட்டிங் என்றால் ராத்திரியே வந்துவிடும், அவுட்டோர் என்றால் தயாரிப்பு ஆள் யாராவது கையோடு கொண்டுவருவார். கூடவே உதவி இயக்குநர் எழுதிய எடிட்டிங் ரிப்போர்ட் வரும்: சீன் எண், ஷாட் எண், எத்தனை டேக், எது ஓகே, எது என்ஜி (வேண்டாதது), எதில் முதல் பாதி மட்டும் நன்றாக இருக்கிறது, எந்த கேமரா. முதல் வேலை, டிஸ்க்கில் இருக்கும் கிளிப்புகளை அந்த ரிப்போர்ட்டோடு ஒவ்வொன்றாக ஒப்பிடுவது. ரிப்போர்ட்டில் இருக்கிறது, டிஸ்க்கில் இல்லை என்றால் அந்த நிமிடமே ஃபோன் போட்டுக் கேளுங்கள். ஒரு நாள் கழித்துச் சொன்னால் செட்டைக் கலைத்திருப்பார்கள்.

அடுத்தது பிராக்ஸி. கேமராவில் பதிவான மூலக் கோப்புகள் எடிட் செய்ய முடியாத அளவுக்குப் பெரியவை, அதனால் புரோரெஸ் பிராக்ஸி, டிஎன்எக்ஸ்ஹெச்டி மாதிரி ஏதாவது சிறிய வடிவத்தில் நகல் எடுத்து அதில்தான் எடிட் நடக்கும். கோப்பின் பெயரும் டைம்கோடும் (ஒவ்வொரு ஃபிரேமுக்கும் உள்ள நேர எண்) மூலத்தில் இருந்தபடியே நகலிலும் இருக்க வேண்டும். இதை ஒருபோதும் மாற்றாதீர்கள். பல மாதங்கள் கழித்து டிஐயில் மூலக் கோப்பைத் தேடி எடுக்கும்போது இந்த இரண்டை வைத்துத்தான் கண்டுபிடிப்பார்கள்.

அப்புறம் சிங்க். கிளாப் கட்டை மூடும் ஃபிரேமையும் "டக்" என்ற சத்தத்தையும் ஒன்றாகச் சேர்ப்பது. டைம்கோடு வைத்தோ, ஒலி அலையை வைத்தோ மென்பொருளே செய்துவிடும் காலம்தான் இது, ஆனாலும் கிளாப் அடிக்காத ஷாட், கடைசியில் தலைகீழாக அடித்த எண்ட் கிளாப், சத்தமே பதிவாகாத மூன்றாவது கேமரா என்று ஒவ்வொரு நாளும் கையால் செய்ய வேண்டியது கொஞ்சம் மிஞ்சும். சிங்க் முடிந்ததும் சீன் வாரியாக பின்களில் (மென்பொருளில் கிளிப்புகளைப் போட்டு வைக்கும் கோப்புறைகளில்) அடுக்க வேண்டும். ஒவ்வொரு எடிட்டருக்கும் ஒரு முறை உண்டு, சிலருக்கு எல்லா டேக்கும் ஒரே டைம்லைனில் வரிசையாக வேண்டும், சிலருக்கு ஓகே டேக் மேலே, மற்றவை கீழே. அவர் பழக்கத்துக்கு நீங்கள் மாறிக்கொள்ளுங்கள்.

இதெல்லாம் முடிந்த பிறகு உட்கார்ந்து முழுவதையும் பாருங்கள். ஃபோகஸ் போயிருக்கிறதா, பூம் மைக் தலைகாட்டுகிறதா, போன ஷாட்டில் வலது கையில் இருந்த டம்ளர் இப்போது இடது கையில் இருக்கிறதா என்று குறித்துக்கொண்டே பார்க்க வேண்டும். இதைச் சலிப்பான வேலை என்று நினைத்து வேகமாக ஓட்டிவிடுகிறவர்களைப் பார்க்கும்போது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கும். ஒரு படத்துக்காக எடுத்த எல்லாவற்றையும் பார்க்கும் வாய்ப்பு இருப்பவர் உதவி எடிட்டர்தான். இயக்குநர் ஷூட்டிங் பரபரப்பில் மானிட்டரில் பார்த்தார், எடிட்டர் ஓகே டேக்குகளை முதலில் பார்ப்பார். "ஆக்‌ஷன்" சொல்வதற்கு முன்னால் ஒரு நடிகை எதையோ யோசித்தபடி நிற்பது, "கட்" சொன்ன பிறகும் ஒரு நடிகரின் முகத்தில் கோபம் இறங்காமல் இருப்பது, இதெல்லாம் ரிப்போர்ட்டில் வராது. நான்கு மாதம் கழித்து ஒரு காட்சியில் ரியாக்‌ஷன் ஷாட் இல்லாமல் தவிக்கும்போது, "சீன் 42-ல் மூணாவது டேக், கட்டுக்கு அப்புறம் ரெண்டு செகண்ட் இருக்கு சார்" என்று சொல்ல எடிட் சூட்டில் ஒருவர் இருந்தால் அந்தக் காட்சி பிழைத்துக்கொள்ளும். அந்த ஆளாக இருப்பதுதான் இந்த வேலை.

ஹார்டு டிஸ்க் விஷயத்தில் ஏன் எல்லோரும் இவ்வளவு பயமுறுத்துகிறார்கள்?

பயப்பட வேண்டிய விஷயம்தான். ஃபிலிம் காலத்தில் 400 அடி டப்பா ஒன்று நாலரை நிமிடத்துக்கு மேல் ஓடாது, நெகட்டிவ் விலையை நினைத்தே கேமராவை நிறுத்துவார்கள். இப்போது "ரோலிங்" சொல்லிவிட்டு ஒத்திகையையும் சேர்த்து எடுக்கிறார்கள். பெரிய சென்சார் கேமராவில் சுருக்கப்படாத ரா வடிவத்தில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 1 டெராபைட்டுக்கு (டிபி) மேலேயே போகும். இரண்டு மூன்று கேமரா வைத்து ஒரு சண்டைக் காட்சி எடுத்தால் எவ்வளவு ஆகும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

உலகம் முழுக்க ஒப்புக்கொண்ட நடைமுறை ஒன்று உண்டு: மூன்று நகல், இரண்டு வகை சேமிப்பு, அதில் ஒன்று வேறு கட்டடத்தில். நகல் எடுக்கும்போது மவுஸால் இழுத்துப் போடுவது கூடாது. எம்டி5 அல்லது எக்ஸ்எக்ஸ்ஹாஷ் என்ற செக்சம் முறையில் ஒவ்வொரு கோப்பும் மூலத்தோடு எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகிறதா என்று சரிபார்க்கும் மென்பொருள் வழியாகத்தான் எடுக்க வேண்டும். நீண்ட காலத்துக்கு எல்டிஓ என்ற காந்த டேப்பில் போடுவார்கள். எல்டிஓ-8 டேப் ஒன்றில் 12 டிபி, எல்டிஓ-9-ல் 18 டிபி பிடிக்கும்.

பணத்தைச் சேமிக்க "ஒரு காப்பி போதும் தம்பி, மத்த டிஸ்க்கைத் திருப்பிக் கொடு, அடுத்த ஷெட்யூலுக்கு வேணும்" என்று தயாரிப்புப் பக்கமிருந்து கேட்பது அடிக்கடி நடக்கும். சண்டை போட வேண்டாம். எடிட்டரிடம் சொல்லுங்கள், தயாரிப்பு மேலாளருக்கு எழுத்தில் அனுப்புங்கள், பதிலும் எழுத்திலேயே வரட்டும். கேமராவின் மெமரி கார்டை ஃபார்மேட் செய்யலாம் என்று சொல்லும் உரிமை யாருக்கு என்பதையும் முதல் நாளே பேசி வைத்துவிடுங்கள்.

24, 25, 23.976 என்று ஏதோ சொல்கிறார்களே, அது அவ்வளவு முக்கியமா?

ஆமாம், முதல் நாளே கேட்க வேண்டிய கேள்வி அது. தியேட்டருக்கு நொடிக்கு 24 ஃபிரேம். நம் நாட்டுத் தொலைக்காட்சிக்கு 25. அமெரிக்க டிவி வழக்கத்திலிருந்து வந்தது 23.976. கேமரா 24-லும் எடிட் புராஜெக்ட் 23.976-லும் இருந்தால் முதல் சில நிமிடம் எதுவும் தெரியாது, ஆனால் இரண்டுக்கும் நடுவில் ஆயிரத்தில் ஒரு பங்கு வித்தியாசம் இருப்பதால் 20 நிமிட ரீலின் கடைசியில் வசனம் உதட்டை விட்டு 1.2 நொடி விலகிவிடும். 24-ல் எடுத்த இரண்டரை மணி நேரப் படத்தை அப்படியே 25-ல் ஓட்டினால் 2 மணி 24 நிமிடத்தில் முடிந்துவிடும். ட்ரோன் ஆபரேட்டர், கோப்ரோ வைத்தவர், கல்யாண வீடியோ கேமராவை வாடகைக்குக் கொண்டுவந்தவர் என ஆளுக்கொரு வேகத்தில் எடுத்துக் கொடுப்பார்கள். ஷூட்டிங் தொடங்குவதற்கு முன்பே ஒளிப்பதிவாளரின் உதவியாளர், சவுண்டு ரெக்கார்டிஸ்ட், டிஐ ஆள் மூவரிடமும் பேசி ஒரு சோதனைக் கிளிப் எடுத்துக் கடைசிவரை ஓட்டிப் பார்த்துவிடுவது நல்லது.

டப்பிங் படம், சிங்க் சவுண்டு படம், எதில் வேலை அதிகம்?

சிங்க் சவுண்டில் எடிட் சூட் வேலை அதிகம், ஏனென்றால் சட்டையில் மாட்டும் லேப்பல் மைக், பூம் என நடிகருக்கு ஒரு டிராக்காக வரும், எல்லாவற்றையும் பத்திரமாகக் கடைசிவரை கொண்டுபோக வேண்டும். ஸ்பாட்டில் எடுத்த குரலே படத்தில் வரப்போகிறது என்பதால் ஒரு டிராக் தொலைந்தாலும் இழப்பு பெரியது. தமிழில் இன்னும் நிறையப் படங்கள் பைலட் டிராக் (வழிகாட்ட மட்டும் ஸ்பாட்டில் பதிவு செய்யும் ஒலி) எடுத்துக்கொண்டு பிறகு டப்பிங் செய்பவைதான். அதில் வேறு மாதிரி வேலை: டப்பிங்குக்காக ரீல் பிரித்துக் கொடுப்பது, ஸ்பாட்டில் நடிகர் மாற்றிப் பேசிய வசனங்களைக் கேட்டு எழுதிக் கொடுப்பது, வேற்றுமொழி நடிகை உச்சரித்த உதட்டசைவுக்குத் தகுந்த டேக் எது என்று தேடுவது.

நான் எப்போது வெட்ட ஆரம்பிப்பேன்?

எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான். நேர்மையான பதில்: உங்கள் எடிட்டரைப் பொறுத்தது. நல்ல எடிட்டர் சில மாதங்களிலேயே ஒரு சின்னக் காட்சியைக் கொடுத்து "ஒரு லைன்அப் போட்டு வை" என்பார். ரிப்போர்ட்படி ஓகே டேக்குகளைக் கதை வரிசையில் கோர்ப்பதுதான் லைன்அப். அவர் வந்து உங்கள் லைன்அப்பை மாற்றும்போது எழுந்து டீ குடிக்கப் போய்விடாதீர்கள். நீங்கள் வைத்த வசனத்தை அவர் ஏன் எட்டு ஃபிரேம் முன்னால் நறுக்கினார், பேசுகிறவரை விட்டுக் கேட்கிறவர் முகத்துக்கு ஏன் போனார் என்பதைப் பக்கத்திலிருந்து பார்ப்பதுதான் படிப்பு. உங்கள் பழைய வடிவத்தை வேறு பெயரில் சேமித்து வைத்து, வீட்டுக்குப் போகும் முன் இரண்டையும் ஒருமுறை அடுத்தடுத்து ஓட்டிப் பாருங்கள்.

இன்னொரு வழி ஸ்பாட் எடிட். லேப்டாப்போடு ஷூட்டிங் இடத்துக்கே போய், எடுத்த ஷாட்டுகளை அங்கேயே கோர்த்து இயக்குநருக்குக் காட்டுவது. சண்டைக் காட்சிகளிலும் பாடல்களிலும் இது சாதாரணமாகிவிட்டது. வெயில், ஜெனரேட்டர் சத்தம், பின்னால் நின்று ஆளுக்கொன்று சொல்லும் கூட்டம், எல்லாம் இருந்தாலும் வேகமாக முடிவெடுக்கக் கற்றுக்கொள்ள இதைவிட நல்ல இடம் இல்லை.

எந்த மென்பொருள் கற்றுக்கொள்ள வேண்டும்?

அவிட், பிரீமியர் இரண்டில் ஒன்றைத் தரையிலிருந்து கூரைவரை தெரிந்துகொள்ளுங்கள், டாவின்சி ரிசால்வை டிஐ பக்கத்தைப் புரிந்துகொள்ளும் அளவுக்காவது பழகுங்கள். 2011-ல் ஆப்பிள் நிறுவனம் ஃபைனல் கட் புரோவின் 7-ஆம் பதிப்பை நிறுத்திவிட்டு முற்றிலும் வேறு மாதிரியான ஒன்றைக் கொண்டுவந்தபோது அதையே நம்பியிருந்த பல சூட்டுகள் வேறு மென்பொருளுக்கு மாற வேண்டியதாயிற்று. கோடெக் (வீடியோவைச் சுருக்கும் முறை), டைம்கோடு, ரிலிங்க் (நகலை மூலக் கோப்போடு மீண்டும் இணைப்பது) செய்வது எப்படி என்ற அடிப்படை தெரிந்தவர்கள் அப்போது தடுமாறவில்லை. பட்டன் எங்கே இருக்கிறது என்பதை ஒரு வாரத்தில் கற்றுக்கொள்ளலாம்.

திரைப்படக் கல்லூரியில் படித்தால்தான் முடியுமா?

இல்லை. ஆனால் படிக்க முடிந்தால் நல்லது. தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் பிளஸ் டூ முடித்தவர்களுக்குப் படத்தொகுப்பில் நான்கு ஆண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது, தனியார் கல்லூரிகளோடு ஒப்பிட்டால் கட்டணம் மிகக் குறைவு. பட்டம் வாங்கியவர்கள் புனேயில் இருக்கும் எஃப்டிஐஐ, கொல்கத்தாவில் இருக்கும் சத்யஜித் ரே நிறுவனம் இரண்டுக்கும் நுழைவுத் தேர்வு எழுதலாம், எடிட்டிங் படிப்பு இரண்டிலும் மூன்று ஆண்டு. அங்கே கிடைப்பதில் பெரியது சக மாணவர்கள். பிற்பாடு இயக்குநராகவும் ஒளிப்பதிவாளராகவும் ஆகி உங்களைக் கூப்பிடப்போவது அவர்கள்தான்.

லட்சக்கணக்கில் வாங்கிக்கொண்டு மூன்று மாதத்தில் "எடிட்டர் ஆக்கிவிடுகிறோம்" என்று விளம்பரம் செய்யும் இடங்களுக்குக் கடன் வாங்கிப் போகாதீர்கள். அதே பணத்தில் ஒரு நல்ல கணினி வாங்கி, நண்பர்கள் எடுக்கும் குறும்படங்களுக்கு எடிட் செய்து கொடுத்தால் அதிகம் கற்றுக்கொள்வீர்கள்.

எனக்கு சினிமாவில் யாரையும் தெரியாது. எப்படி நுழைவது?

வடபழனி, சாலிகிராமம், வளசரவாக்கம், விருகம்பாக்கம். பெரும்பாலான எடிட் சூட்டுகள் இந்த வட்டாரத்தில்தான், பல வெறும் அபார்ட்மென்ட் வீடுகளில், வெளியே பலகைகூட இருக்காது. நேராக எடிட்டரைப் பிடிக்க முயல்வதைவிட அவரிடம் இருக்கும் உதவியாளர்களோடு பழகுங்கள். ஒருவர் சுதந்திரமாகப் படம் பண்ணப் போகும்போது காலியாகும் இடத்துக்கு ஆள் சொல்வது அவர்கள்தான். டிஐ ஸ்டுடியோ, டப்பிங் தியேட்டர், டிரெய்லர் செய்யும் இடம், விளம்பரப் பட சூட் என்று எங்கே கதவு திறந்தாலும் போங்கள், எல்லாம் ஒன்றுக்கொன்று தொடர்புள்ளவை.

ஷோரீல் காட்டும்போது பாட்டுக்கு வேகமாக வெட்டிய இரண்டு நிமிட வீடியோவைக் காட்டாதீர்கள், அது எல்லோரிடமும் இருக்கிறது. இரண்டு பேர் உட்கார்ந்து பேசும் மூன்று நிமிடக் காட்சி ஒன்றைக் காட்டுங்கள். அப்புறம் அதன் புராஜெக்டைத் திறந்து காட்டுங்கள். பின்கள் ஒழுங்காக இருந்தால் பாதி வேலை கிடைத்த மாதிரி.

சம்பளம்?

தொடக்கத்தில் குறைவு. சென்னையில் வாடகை கொடுத்துத் தனியாக இருப்பது முதல் ஒன்றிரண்டு வருடம் கஷ்டம், வீட்டிலிருந்து கொஞ்சம் உதவி இல்லாமலோ பக்கத்தில் கல்யாண வீடியோ, யூடியூப் எடிட்டிங் போன்ற வேலை இல்லாமலோ தாக்குப்பிடிப்பவர்கள் குறைவு. இந்தத் துறைக்குப் பணமுள்ள வீட்டுப் பிள்ளைகளே வர முடியும் என்ற நிலை வந்துவிடக் கூடாது என்பதால் இதை வெளிப்படையாகவே பேச வேண்டும் என்று நினைக்கிறேன்.

சில எடிட்டர்கள் தங்கள் சம்பளத்திலிருந்து உதவியாளருக்குக் கொடுப்பார்கள், சில படங்களில் தயாரிப்பு நிறுவனம் தனியாகக் கொடுக்கும், மாதச் சம்பளமாகவும் இருக்கலாம், படத்துக்கு இவ்வளவு என்றும் இருக்கலாம். யார் தருவார்கள், எப்போது, படம் நடுவில் நின்றுபோனால் என்ன ஆகும், ராத்திரி வேலைக்குப் பேட்டாவும் வீட்டுக்குப் போக வண்டியும் உண்டா? சேரும்போதே கேளுங்கள். இதைக் கேட்பதால் மரியாதை குறையாது. "கத்துக்க வந்தவனுக்கு எதுக்குச் சம்பளம்" என்று யாராவது சொன்னால் அங்கே சேர வேண்டாம்.

சங்கத்தில் சேர வேண்டுமா?

ஃபெஃப்சி என்ற தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனத்தில் இணைந்த எடிட்டர்கள் சங்கம் இருக்கிறது. சேருவதற்குக் கட்டணமும் நடைமுறையும் உண்டு, உங்கள் எடிட்டர் வழியாகப் போவதுதான் வழக்கம். பாக்கி வசூல் போன்ற பிரச்சினைகளில் சங்க கார்டு கைகொடுக்கும், எனவே முடிந்தபோது வாங்கிவிடுங்கள்.

பிக்சர் லாக் ஆனதும் வேலை முடிந்ததா?

இல்லை, இனி வெட்டில் மாற்றமில்லை என்று முடிவாகும் அந்த இடத்திலிருந்துதான் தொடங்குகிறது. முதலில் படத்தை ஏறக்குறைய 20 நிமிட ரீல்களாகப் பிரிக்க வேண்டும். 35 எம்எம் காலத்தில் 2,000 அடி ரீலுக்கு 20 நிமிடம் சொச்சம் பிடிக்கும் என்பதால் வந்த பழக்கம், இன்றும் சவுண்டும் டிஐயும் ஒரே நேரத்தில் வேறு வேறு பகுதியில் வேலை செய்ய வசதியாக இருப்பதால் தொடர்கிறது. ஒவ்வொரு ரீலின் தொடக்கத்திலும் எட்டு நொடி லீடர், படம் தொடங்குவதற்குச் சரியாக இரண்டு நொடி முன்னால் ஒரே ஒரு ஃபிரேம் நீளத்துக்கு "பீப்". இதை டூ பாப் என்பார்கள். சவுண்டு ஸ்டுடியோவில் அந்த பீப்பை வைத்துத்தான் படமும் ஒலியும் ஒத்துப்போகிறதா என்று பார்ப்பார்கள்.

சவுண்டுக்கு ஏஏஎஃப் கோப்பு (ஒலித்துண்டுகளையும் அவை வரும் இடத்தையும் கொண்டுபோவது), ஒவ்வொரு ஒலித்துண்டின் இரு பக்கமும் சில நொடி உபரி வைத்து. டிஐக்கு எக்ஸ்எம்எல் அல்லது இடிஎல் (எந்தக் கிளிப் எங்கே வெட்டப்பட்டது என்ற பட்டியல்). சிஜிக்கு ஒவ்வொரு ஷாட்டும் தனி எண்ணோடு, முன்னும் பின்னும் சில ஃபிரேம் ஹேண்டில் (உபரி) வைத்து. இசையமைப்பாளருக்கு டைம்கோடு திரையிலேயே பதித்த வீடியோ. எல்லாவற்றோடும் ஒரு ரெஃபரன்ஸ் வீடியோ கட்டாயம், ஏனென்றால் ஸ்பீடு மாற்றம், ஜூம், ஃபிலிப் செய்த ஷாட் எதுவும் அங்கே போய்ச் சரியாகத் திறக்கும் என்று நம்ப முடியாது.

அப்புறம் இயக்குநருக்கு ஒரு யோசனை வரும், லாக் உடையும். மூன்றாம் ரீலில் 14 ஃபிரேம் எடுத்துவிட்டார்கள் என்று வையுங்கள். அந்த ரீலில் அதற்குப் பிறகு வரும் ஒவ்வொரு காலடிச் சத்தமும், ஒவ்வொரு வசனமும், இசையின் ஒவ்வொரு அடியும் 14 ஃபிரேம் முன்னால் வர வேண்டும், நான்கு இடங்களில் இருக்கும் நான்கு குழுக்களும் அதைச் செய்தாக வேண்டும். எங்கே, எவ்வளவு, எந்த வெர்ஷனிலிருந்து எந்த வெர்ஷனுக்கு என்று தெளிவாக எழுதிய சேஞ்ச் லிஸ்ட் உங்களிடமிருந்து போனால் அவர்களுக்கு அது ஒரு மணி நேர வேலை. "கொஞ்சம் டிரிம் பண்ணிருக்கோம் பாஸ்" என்று வாட்ஸ்அப்பில் போனால் ஒரு ராத்திரி போய்விடும். கோப்புப் பெயரில் "ஃபைனல்", "ஃபைனல் நியூ" என்றெல்லாம் வைக்காமல் ரீல் எண், வெர்ஷன் எண், தேதி மூன்றையும் எப்போதும் ஒரே வரிசையில் வையுங்கள்.

சென்சாரில் நமக்கு என்ன வேலை?

படம் பார்த்த பிறகு வாரியம் தரும் பட்டியலில் எந்த வசனத்தை மியூட் செய்ய வேண்டும், எந்த ஷாட்டைக் குறைக்க வேண்டும் என்று இருக்கும். அதை நிறைவேற்றி, எத்தனை நொடி போனது, என்ன வந்தது என்று கணக்குக் கொடுப்பது எடிட் சூட். 2024-ல் வந்த புதிய விதிகளுக்குப் பிறகு யுஏ சான்றிதழ் 7+, 13+, 16+ என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது. எந்த வயதுக்கு வாங்க நினைக்கிறார்கள் என்பது தெரிந்தால் மாற்று ஷாட்டுகளை முன்கூட்டியே எடுத்து வைக்கலாம். புகைபிடிக்கும் காட்சி இருந்தால் படத்தின் தொடக்கத்திலும் இடைவேளைக்குப் பிறகும் எச்சரிக்கைப் படம், காட்சி ஓடும்போது கீழே எச்சரிக்கை வாசகம், விலங்குகள் நடித்திருந்தால் அதற்கான அறிவிப்பு. இவற்றைக் கடைசி நாள் வரை விட்டுவைக்காதீர்கள்.

ரிலீஸ் வாரம் உண்மையிலேயே தூங்காமல் இருப்பீர்களா?

பொங்கலுக்கோ தீபாவளிக்கோ வரும் படம் என்றால் பெரும்பாலும் ஆமாம். தேதியை மாற்ற முடியாது, சிஜி ஷாட்டுகள் கடைசி வரை வந்துகொண்டே இருக்கும், வெளிநாட்டுத் தியேட்டர்களுக்குக் கோப்பு இன்னும் முன்னாலேயே போக வேண்டும். தியேட்டருக்குப் போகும் டிசிபி என்பது ஒவ்வொரு ஃபிரேமும் ஜேபெக் 2000 வடிவத்தில் சுருக்கப்பட்டு, பூட்டப்பட்ட கோப்பு. அதைத் திறக்கும் கேடிஎம் சாவி குறிப்பிட்ட புரொஜெக்‌ஷன் கருவிக்கு, குறிப்பிட்ட நேரத்துக்கு மட்டும் வேலை செய்யும். டிசிபி தயாரானதும் யாராவது ஒருவர் அதைப் பெரிய திரையில் முதல் ஃபிரேமிலிருந்து கடைசிப் பெயர் ஓடி முடியும்வரை பார்த்தே ஆக வேண்டும். அந்த நேரத்தில் எல்லோரும் களைத்திருப்பார்கள், "நேத்துதானே பார்த்தோம்" என்பார்கள். நேற்றுப் பார்த்தது வேறு கோப்பு. பழைய சிஜி ஷாட் உள்ளே போய்விடுவதும், ஒரு ரீலில் பின்னால் வரும் சரவுண்டு சத்தம் இல்லாமல் போவதும் இந்தக் கட்டத்தில்தான்.

இந்த ராத்திரி வேலையைப் பெருமையாகப் பேசுவது எனக்குப் பிடிப்பதில்லை. முதுகும் கண்ணும் காதும்தான் இந்தத் தொழிலில் நம் முதலீடு. நல்ல நாற்காலி கேளுங்கள், ஹெட்ஃபோன் சத்தத்தைக் குறைத்து வையுங்கள், இரண்டு நாள் தூங்காமல் பைக் ஓட்டிக்கொண்டு வீட்டுக்குப் போகாதீர்கள், ஆட்டோ பிடித்துப் போங்கள்.

சீரியல், ஓடிடி பக்கம் எப்படி?

சீரியலில் வேகம். தினமும் ஒரு எபிசோடு போக வேண்டும், விளம்பரம் போக இருபது நிமிடத்துக்கு மேல் கொஞ்சம் இருக்கும், சில சமயம் நேற்று எடுத்தது நாளை ஒளிபரப்பாகும். வருமானம் மாதாமாதம் வரும் என்பது பெரிய நிம்மதி. சீரியல் எடிட்டர்களைக் குறைவாகப் பேசும் பழக்கம் சினிமாக்காரர்களிடம் இருக்கிறது, அது தவறு. அந்த நேரக்கட்டுப்பாட்டில் கதை புரியும்படி வெட்டுவது தனித் திறமை.

ஓடிடியில் விதிமுறை அதிகம். உதாரணமாக நெட்ஃபிளிக்ஸ், வசனத்தை அளவாக வைத்துச் சராசரி ஒலியளவு மைனஸ் 27 எல்கேஎஃப்எஸ் (ஒலியளவின் அலகு) இருக்க வேண்டும், இரண்டு அலகு கூடக்குறைய இருக்கலாம் என்று சொல்லும். வசனம் இல்லாமல் இசையும் சத்தமும் மட்டும் உள்ள டிராக், எழுத்தே இல்லாத படப்பகுதிகள் என்று தனித்தனியாகக் கேட்பார்கள். சரியில்லை என்றால் திருப்பி அனுப்புவார்கள். ஆவணங்களை ஒழுங்காக வைக்கத் தெரிந்த உதவி எடிட்டருக்கு இங்கே நல்ல மதிப்பு.

பெண்கள் இந்த வேலைக்கு வரலாமா?

தாராளமாக வரலாம், வந்துகொண்டும் இருக்கிறார்கள், இன்னும் நிறையப் பேர் வர வேண்டும். பல சூட்டுகள் வீட்டு அறைகளில் இயங்குவதால் ராத்திரி யார் இருப்பார்கள், கழிப்பறை எப்படி, வண்டி வருமா என்பதைக் கேட்டுத் தெரிந்துகொண்டு சேருங்கள். இந்தக் கேள்விகளுக்கு முகம் சுளிக்கிற இடம் நல்ல இடம் இல்லை. சூட் நடத்துகிறவர்கள் இதையெல்லாம் கேட்பதற்கு முன்பே செய்து வைக்க வேண்டும்.

ஏஐ வந்தால் இந்த வேலை போய்விடாதா?

சிங்க் செய்வது, வசனத்தை எழுத்தாக்குவது, முகத்தை வைத்துக் கிளிப்பைப் பிரிப்பது இதெல்லாம் ஏற்கெனவே மென்பொருள் கைக்குப் போய்க்கொண்டிருக்கிறது. மதுரைப் பேச்சிலும் நெல்லைப் பேச்சிலும் மூன்று பேர் ஒரே நேரத்தில் கத்தும் காட்சியில் அது தடுமாறுகிறது, ஆனால் நாளைக்குத் தேறிவிடலாம். வெறும் நகல் எடுக்க மட்டும் ஆள் வைத்திருந்தவர்கள் குறைப்பார்கள். எடுத்ததையெல்லாம் பார்த்து, இந்த இயக்குநர் எதைத் தேடுகிறார் என்று புரிந்து, "இது இருக்கு சார்" என்று எடுத்துக் கொடுக்கும் உதவியாளரை எந்த எடிட்டரும் விடமாட்டார்.

எடிட்டர் ஆக எத்தனை வருடம்?

இதற்குக் கணக்குக் கிடையாது. 'ஆடுகளம்' படத்துக்குத் தேசிய விருது வாங்கிய கிஷோர், பி. லெனின், வி.டி. விஜயன் ஆகியோரிடம் உதவியாளராக ஏராளமான படங்களில் வேலை செய்துவிட்டுத் தான் தனியாக வந்தார். குறும்படம் செய்த நண்பனுக்கு முதல் படம் கிடைத்து, அவனோடு நேராக எடிட்டராக வந்தவர்களும் இருக்கிறார்கள். நேராக வந்தவர்கள் பலர், லாக் ஆனதற்குப் பிறகான வேலைக்கு அனுபவமுள்ள உதவியாளரைத் தேடி அலைவதைப் பார்த்திருக்கிறேன்.

எல்லோரும் எடிட்டர் ஆகித்தான் தீர வேண்டும் என்றும் இல்லை. அசோசியேட்டாகவே இருந்து பெரிய படங்களைத் தூக்கி நிறுத்துகிறவர்கள் உண்டு. கலரிஸ்ட், டயலாக் எடிட்டர், சிஜி ஒருங்கிணைப்பு, டிரெய்லர் எடிட்டிங், போஸ்ட் சூப்பர்வைசர் என்று இங்கிருந்து பிரியும் பாதைகள் பல, அதில் கடைசியாகச் சொன்னதற்கு ஓடிடி வந்த பிறகு நல்ல தேவை.

முதல் நாள் என்ன கொண்டு போக வேண்டும்?

காதை முழுசாக மூடும் ஹெட்ஃபோன், ஒரு நோட்டு, பேனா, உங்கள் சொந்த ஷார்ட்கட் கீ அமைப்பு உள்ள பென் டிரைவ், ஏசி குளிருக்கு ஒரு ஸ்வெட்டர். பென் டிரைவைச் செருகும் முன் கேட்டுவிட்டுச் செருகுங்கள், பல சூட்டுகளில் அனுமதி இல்லை. திரையை ஃபோனில் படம் எடுக்காதீர்கள், நண்பனுக்குக் காட்டக்கூட. எடிட்டர் உட்காரும் நாற்காலியின் உயரத்தை மாற்றாதீர்கள். முந்தைய உதவியாளர் இன்னும் அங்கே இருந்தால், எந்த டிஸ்க்கில் எது இருக்கிறது என்ற பட்டியலை அவரிடம் கேட்டு வாங்குங்கள். பட்டியலே இல்லை என்று சொன்னால் முதல் நாள் வேலை அதுதான்.